மேடையிலிருந்து திரைக்கு: யாழ்ப்பாணத்து நாடக எழுத்தாளருக்கான திரைக்கதை வழிகாட்டி

நாடகம் எழுதிப் பழகிய கை முதன்முதலில் எழுதும் திரைக்கதையை இரண்டு பக்கம் வாசித்தாலே அடையாளம் கண்டுவிடலாம். பாத்திரங்கள் எல்லோரும் ஒரே விறாந்தையில் கூடி நிற்பார்கள். படலையைத் திறந்து வருபவர் தாம் வந்த காரணத்தைச் சொல்லிக்கொண்டே வருவார். ஊரில் நடந்த பெரிய சம்பவம் எதுவும் நம் கண்முன் நடக்காது, அதைப் பார்த்த ஒருவர் ஓடி வந்து விவரிப்பார். நாடகத்தில் இவை குறைகள் அல்ல. வீரசிங்கம் மண்டபத்தின் பின்வரிசையில் இருப்பவருக்கு நடிகையின் விரல் நடுங்குவது தெரியாது. ஆகவே அந்த நடுக்கத்தைச் சொல்லாலும் உடல் அசைவாலும் பெருப்பித்துக் கொடுப்பது மேடை எழுத்தின் கடமையாகிறது. கமராவோ விரலுக்குப் பக்கத்திலேயே போய் நின்றுவிடும். அங்கே அந்தச் சொல் மிகையாகிவிடுகிறது.

இந்த வழிகாட்டி பாத்திரம், முரண், உச்சம் ஆகியவற்றைக் கற்பிக்க முயலவில்லை. உயர்தரத்தில் நாடகமும் அரங்கியலும் படித்தவர்களுக்கும், தமிழ்த் தினப் போட்டிக்கோ கோயில் திருவிழா மேடைக்கோ எழுதியவர்களுக்கும் அவை ஏற்கெனவே கைவந்தவை. மேடையில் கற்றவற்றுள் எவற்றை உடன் கொண்டு செல்லலாம், எவற்றைப் படலைக்கு வெளியே விட்டுச் செல்ல வேண்டும், எந்த ஒழுங்கில் வேலை செய்ய வேண்டும் என்பவையே இங்கு பேசப்படுகின்றன.

தொடங்குமுன்: நமது அரங்கு தந்தவை

யாழ்ப்பாணத்து நவீன நாடக மரபு பெரிதும் பேச்சையும் கூட்டத்தையும் நம்பி வளர்ந்தது. பேராசிரியர் க. கணபதிப்பிள்ளை வீட்டுப் பேச்சை மேடைக்குத் தகுந்த மொழியாக்கிக் காட்டினார். 1978 இல் தொடங்கிய நாடக அரங்கக் கல்லூரியும், குழந்தை ம. சண்முகலிங்கம் 1985 இல் எழுதிய ‘மண் சுமந்த மேனியர்’ போன்ற ஆக்கங்களும், உரைஞரையும் (கதையை எடுத்துச் சொல்வோர்) பாட்டையும் குழு அசைவையும் இணைத்து, ஒரு சில சாமான்களோடு ஒரு சமூகத்தின் துயரத்தையே மேடையில் நிறுத்தும் வழியைக் காட்டின. கதிரை ஒன்றைக் கவிழ்த்து வைத்தால் அது வள்ளமாகிவிடும் என்ற நம்பிக்கை நமக்கு இவ்வாறு வந்ததே. திரையில் கதிரை கதிரைதான். இந்த ஓர் இழப்பை மனதார ஏற்றுக்கொண்டவருக்கு மீதி வேலை பாதியாகக் குறைந்துவிடும்.

இதற்கு ஈடாகக் கிடைப்பதும் சிறிதன்று. 1977 இல் வெளிவந்த ‘பொன்மணி’யும், செங்கை ஆழியானின் நாவலிலிருந்து 1978 இல் உருவான ‘வாடைக்காற்று’ம் ஆகிய திரைப்படங்கள் இந்த மண்ணின் வெளியையே கதையின் பகுதியாகக் கொள்ள முயன்றன. மேடையில் நாம் வர்ணித்துச் சொல்ல வேண்டியிருந்த கடலும் வெட்டையும், கமராவின் முன்னே சும்மா கிடக்கின்றன.

முதலாம் படி: எந்தக் கதையை எடுப்பது

பெரும்பாலோர் தமது மிகச் சிறந்த நாடகத்தையே முதலில் திரைக்கதையாக்க முனைகிறார்கள். வேண்டாம் என்பதே என் அபிப்பிராயம். நன்றாக ஓடிய நாடகம் மேடைக்கென்றே இறுகிப்போன ஒன்று. அதில் ஒரு கல்லை எடுத்தால் சுவரே சரியும், எடுக்க எழுதியவருக்கு மனமும் வராது. விதிவிலக்குகள் உண்டு. கே. பாலசந்தர் தமது ‘நீர்க்குமிழி’ நாடகத்தையே 1965 இல் தமது முதற்படமாக இயக்கினார். அது பெரும்பாலும் ஒரு மருத்துவமனைக்குள்ளேயே நிகழும் கதை. நோயாளிகள் ஓரிடத்தில் அடைபட்டுக் கிடப்பதற்குக் கதையிலேயே நியாயம் இருந்ததால், மேடையின் நான்கு சுவர்கள் அங்கே குறையாகத் தெரியவில்லை. உங்கள் நாடகத்திலும் பாத்திரங்கள் அந்த இடத்தை விட்டுப் போக முடியாமைக்கு அப்படியொரு காரணம் இருந்தால் துணியலாம்.

இல்லாவிட்டால், எழுதிய நாடகத்தை எடுத்து, அதில் மேடைக்கு வெளியே நடப்பவற்றை மட்டும் ஒரு தாளில் எழுதுங்கள். மகள் பஸ் நிலையத்தில் யாரைச் சந்தித்தாள், தகப்பன் வங்கியில் எவ்வளவு நேரம் காத்திருந்தார், கடிதம் எப்படிக் கிழிந்தது என்பன போன்றவை. மேடையில் இவற்றை ஒருவர் வந்து சொல்லியிருப்பார். அந்தத் தாளில் இருப்பதுதான் திரைக்கதையின் விதை. சில வேளைகளில் நாடகத்தின் நடுவே நின்ற பெரிய வாக்குவாதக் காட்சி திரைக்கு வேண்டாததாகிவிடும். அதற்கு முன்னும் பின்னும் நடந்தவையே படமாகிவிடும்.

முதல் முயற்சி பத்துப் பன்னிரண்டு நிமிடக் குறும்படமாக இருப்பது நல்லது. அயர்லாந்து நாடகங்களால் உலகப் பெயர் பெற்ற மார்ட்டின் மெக்டொனாவே திரைக்கு வந்தபோது முதலில் எடுத்தது ஒரு குறும்படந்தான். முழுநீளப் படம் அதன் பிறகே வந்தது.

இரண்டாம் படி: வசனம் இல்லாத ஒன்லைன்

தமிழ்த் திரைத்துறையில் காட்சிகளை ஒழுங்குபடுத்தி ஒவ்வொன்றையும் ஓரிரு வரியில் எழுதி வைப்பதை ‘ஒன்லைன்’ என்பார்கள். நாடக எழுத்தாளர் இதைப் பெரும்பாலும் தவிர்த்துவிட்டு நேரே உரையாடலுக்குப் பாய்ந்துவிடுவார், ஏனெனில் அவருக்கு உரையாடலில்தான் கதை தெரியவரும். அந்த வழக்கத்தை இங்கே கண்டிப்பாக அடக்க வேண்டும். ஒன்லைனில் ‘சொல்கிறான்’, ‘விளக்குகிறாள்’, ‘வாதிடுகிறார்கள்’ ஆகிய வினைச்சொற்களுக்குத் தடை விதித்துக்கொள்ளுங்கள். ‘மறைக்கிறாள்’, ‘திருப்பிக் கொடுக்கிறான்’, ‘பஸ்ஸைத் தவறவிடுகிறார்’ போன்றவற்றால் மட்டும் கதை முழுவதையும் எழுதிப் பாருங்கள். எங்கே அது முடியாமற்போகிறதோ, அங்கே கதை இன்னும் மேடையிலேயே நிற்கிறது என்று கொள்ளலாம்.

ஒன்றரை மணிநேர நாடகம் ஐந்தாறு காட்சிகளில் முடிந்துவிடும். அதே நீளமுள்ள படத்தில் 50, 60 காட்சிகள் வருவது வழமை. ஆகவே ஒரு காட்சியின் சராசரி ஆயுள் ஒன்றரை, இரண்டு நிமிடங்களே. வணக்கம் சொல்லி, கதிரையில் இருத்தி, தேத்தண்ணி கொடுத்து, பின்பு விடயத்துக்கு வரும் நமது மேடை உபசாரத்துக்கு அங்கே இடமில்லை. தேத்தண்ணி ஆறிப்போன பிறகு காட்சி தொடங்கட்டும். (தேத்தண்ணியே விடயமாக இருந்தால் அது வேறு கதை.)

மூன்றாம் படி: பக்க அமைப்பு

இதை நீட்டத் தேவையில்லை. ஒவ்வொரு காட்சிக்கும் எண், உள்ளா வெளியா என்பது, இடம், நேரம் ஆகிய நான்கும் தலைப்பில் வரும். அதன் கீழே நடப்பது நிகழ்காலத்தில், குறுகிய பந்திகளாக வரும். பின்பு பேசுபவரின் பெயரும் பேச்சும். பக்கத்தை இரண்டாகப் பிரித்து இடப்புறம் காட்சியையும் வலப்புறம் ஒலியையும் எழுதும் பழைய முறையும் தமிழில் நிலவுகிறது. யாருடன் வேலை செய்கிறீர்களோ அவர்களது வழக்கத்தைப் பின்பற்றுங்கள்.

ஆங்கிலத் திரைக்கதைகளில் ஒரு பக்கம் ஒரு நிமிடம் என்ற கணக்கு சொல்லப்படுவதுண்டு. அது குறிப்பிட்ட ஆங்கில எழுத்துருவையும் அதன் அளவையும் வைத்துச் சொல்லப்பட்டது. நீண்ட சொற்களைக் கொண்ட தமிழுக்கு அப்படியே பொருந்தாது. கைத்தொலைபேசியின் நிறுத்துமணியை வைத்துக்கொண்டு, நடப்பவற்றையும் மனக்கண்ணில் ஓடவிட்டு, காட்சியை வாய்விட்டு வாசித்து அளந்துகொள்வதே நம்பகமானது.

நான்காம் படி: பேச்சைச் செயலாக்குதல்

இந்த வழிகாட்டியின் நெஞ்சு இந்தப் படிதான் என்பதால், ஓர் உதாரணத்தை முழுமையாகப் பார்ப்போம். மேடைக்கு எழுதிய காட்சி இது:

தாய்: உந்தக் காணி சும்மா வந்ததில்லை. கொப்பர் முப்பது வருசம் புகையிலை வைச்சு, துலா மிதிச்சு வாங்கினது. அதை ஈடு வைச்சுத்தான் நீ கனடாவுக்குப் போகவேணுமெண்டால் போ. நான் ஒண்டும் சொல்லேல்லை.
மகன்: ஒரு வருசத்தில மீட்டுத் தாறன் அம்மா.
தாய்: கொண்ணனும் உப்பிடித்தான் சொன்னவன்.

மேடையில் இது நன்றாகவே நிற்கும். கடைசி வரிக்கு மண்டபத்தில் ஒரு பெருமூச்சும் கேட்கும். திரையில் இதையே எழுதிக் கொடுத்தால், இருவர் நின்று பேசுவதை ஒளிப்பதிவாளர் மாறி மாறி எடுத்துத் தருவார். மாற்றி எழுதினால் இவ்வாறு வரலாம்:

காட்சி 7 – உள் – வீடு, அறை – இரவு
தாய் (62) அலுமாரியின் கீழ்த்தட்டிலிருந்து சேலைகளை ஒவ்வொன்றாக எடுத்துக் கட்டிலில் வைக்கிறாள். அடியில் இரண்டு பிளாஸ்டிக் உறைகள். ஒன்று வெறுமை. மற்றதற்குள் காணி உறுதி. மடிப்புகள் பழுத்து, ஒரு மூலையைக் கறையான் தின்றிருக்கிறது.
மகன் (24) வாசலில் நிற்கிறான். உள்ளே வரவில்லை.
தாய் உறுதியை விரித்துப் பாராமலே நீட்டுகிறாள். அவன் பிடிக்கிறான். அவள் விடவில்லை.
தாய்: சாப்பிட்டிட்டுப் போ.
கையை எடுக்கிறாள்.

காட்சி 8 – வெளி – தோட்டம் – அதிகாலை
தாய் மண்வெட்டியால் வாய்க்காலை மறித்துத் தண்ணீர் மாறுகிறாள். கடைசிப் பாத்திவரை நிரம்பிவிட்டது. அவள் நிறுத்தவில்லை. தண்ணீர் வரம்பைத் தாண்டி ஒழுங்கைக்குள் ஓடுகிறது.

தகப்பன் துலா மிதித்த முப்பது வருடம் எங்கே போயிற்று என்று கேட்கலாம். பழுத்த மடிப்பிலும், உறுதியை விடாத கையிலும் கொஞ்சம் இருக்கிறது. மீதியைப் பார்வையாளர் இப்போது அறிய வேண்டியதில்லை. அண்ணனைப் பற்றிய வரி வெற்று உறையாகிவிட்டது. ஏழாவது காட்சியில் அதன் பொருள் எவருக்கும் விளங்காது, விளங்கவும் கூடாது. இருபதாவது காட்சியில் நொத்தாரிசு முதலாவது காணியைப் பற்றித் தற்செயலாகக் கேட்கும்போது அது திரும்பி வரும். மேடையில் ஒரு சாமானை இவ்வளவு நேரம் பார்வையாளரின் நினைவில் வைத்திருப்பது கடினம். திரையில் அண்மைக்காட்சி ஒன்று போதும்.

‘சாப்பிட்டிட்டுப் போ’ என்ற வரியைக் கவனியுங்கள். அது மேடையிலிருந்தே வந்தது. மனதில் ஒன்றை வைத்து வாயால் இன்னொன்றைச் சொல்லும் பேச்சை எழுதத் தெரிந்த நாடகக்காரர், திரைக்கதை மட்டும் படித்து வந்தவரைவிட இங்கே பல படி முன்னே நிற்கிறார். ஆகவே வசனத்தை வெட்டுவதென்பது வசனத்தை வெறுப்பதன்று. இப்படியான வரி தனியே நிற்பதற்கு இடம் விடுவதாகும்.

‘கணவன் பட்ட பாட்டை நினைத்துக் கலங்குகிறாள்’ என்பது போன்ற வரிகளை விவரணையில் எழுத வேண்டாம். நெறியாளரால் அதைப் படமாக்க முடியாது. நடிகையோ கண்ணீர் விடுவதற்கு அதை அனுமதியாக எடுத்துக்கொள்வார்.

ஐந்தாம் படி: யாழ்ப்பாணப் பேச்சைத் திரைக்கு எழுதுதல்

நமது பேச்சில் இன்னும் உயிரோடிருக்கும் உகரச் சுட்டு திரைக்கதை எழுத்தாளருக்குக் கிடைத்த ஒரு கொடை. ‘உவன் ஆர்?’, ‘உந்தக் கதிரை ஆரின்ர?’ என்று ஒரு பாத்திரம் கேட்கும்போது, சுட்டப்படுவது கேட்பவருக்குப் பக்கத்தில் இருக்கிறது என்பது சொல்லிலேயே அடங்கியிருக்கிறது. மேடையில் நடிகரின் பார்வையும் விரலும் அதை முடித்துவைக்கும். திரையிலோ, உவன் என்று எழுதிய ஒவ்வோரிடத்திலும் எழுதப்படாத ஒரு ஷொட் மறைந்திருக்கிறது: அடுத்துக் காட்ட வேண்டியது கேட்பவரையா, சுட்டப்பட்டவரையா, அல்லது சட்டகத்துக்கு வெளியே விட்டுவிட்டுப் பார்வையாளரை ஏங்கவைப்பதா? அதை முடிவு செய்யாமல் அந்தச் சொல்லை எழுதக் கூடாது.

விளிப்புகளும் அவ்வாறே. ‘நீ’க்கும் ‘நீங்கள்’க்கும் நடுவே நம்மிடம் ‘நீர்’ இருக்கிறது. கல்யாணப் பேச்சு நடக்கும் வீட்டில் மாப்பிள்ளைப் பகுதியார் ‘நீர்’ போட்டுத் தொடங்கி, சீதனக் கணக்கு ஒத்துவராதபோது ‘நீங்கள்’க்கு ஏறினால், உறவு குளிர்ந்துவிட்டதென்பதை வேறு எவரும் சொல்லத் தேவையில்லை. இந்த நுட்பம் கோடம்பாக்கத்துக்கு விளங்காது என்று ஆலோசனை சொல்பவர்கள் இருப்பார்கள். நான் இதில் விட்டுக்கொடுப்பதில்லை. சொல் புரியாவிட்டாலும் முகம் புரியும். ஆனால் எல்லோரும் தொலைக்காட்சித் தொடர்த் தமிழ் பேசும் வலிகாமத்து வீடு எவருக்கும் நம்பிக்கை தராது. அதேவேளை இன்றைய இளவயதினர் இந்தியப் படத் தமிழைக் கலந்து பேசுவதையும் மறைக்க வேண்டாம். ஆச்சி ‘கெதியாய் வா மேனை’ என்பாள். பேரனின் பேச்சு வேறாக இருக்கும். அந்த வேறுபாடே ஒரு தலைமுறைக் கதை.

ஆறாம் படி: உரைஞரும் பாட்டும் எங்கே போவது

உரைஞர்களைக் கொண்டு எழுதிப் பழகியவருக்குத் திரையில் முதலில் தோன்றும் மாற்றுவழி பின்னணிக் குரல். அது பெரும்பாலும் சோம்பல். உரைஞர் செய்த வேலை ஊரின் வாயாக இருந்ததென்றால், ஊருக்கே ஓர் இடத்தைக் கொடுங்கள்: திருநெல்வேலிச் சந்தையில் மரக்கறி நிறுப்பவர், சங்கக்கடை வரிசை, பருத்தித்துறை பஸ்ஸின் பின் இருக்கை. அவர்கள் பாதி வசனம் பேசி நிறுத்தினால் போதும்.

கூத்துப் பாட்டும் இசைநாடகப் பாட்டும் இன்னும் சிக்கலானவை. இசைநாடகக் கலைஞர் வி.வி. வைரமுத்துவின் அரிச்சந்திரா மயான காண்டத்தில் சந்திரமதி புலம்பும்போது கதை நின்று, காலமே அந்தப் பாட்டுக்குள் தங்கிவிடும். சபை அதற்காகவே விடியும்வரை இருந்தது. கமராவுக்கு முன் காலம் அப்படி நிற்க மறுக்கிறது. பாட்டு தேவையென்றால் அதைக் கதைக்குள் இருக்கும் ஒலியாக்கலாம்: தொலைவிலுள்ள கோயிலின் ஒலிபெருக்கி, தாத்தாவின் பழைய கசெற், சைக்கிள் ஓடிக்கொண்டு ஒருவர் முணுமுணுக்கும் இரண்டடி.

ஏழாம் படி: வெயிலும் காற்றும் கணக்கும்

மேடையில் ‘இரவு’ என்பது ஒரு விளக்கை அணைப்பது. திரைக்கதையில் ‘வெளி – இரவு’ என்று எழுதிய அந்தக் கணத்திலேயே ஒரு மின்பிறப்பாக்கி, விளக்குகள், அவற்றைத் தூக்குபவர்கள், அவர்களுக்கான கொத்துறொட்டி எல்லாம் செலவில் ஏறிவிடும். ‘மாலை’ என்றால் நல்ல வெளிச்சம் ஒரு மணித்தியாலத்துக்கும் குறைவு. ஆகவே மாலையில் நடக்கும் நான்கு பக்க உரையாடல் நான்கு நாட்களாகலாம். தயாரிப்பு முகாமையாளர்கள் ஒரு பக்கத்தை எட்டாகப் பிரித்தே நாள் கணக்குப் போடுவார்கள். நீங்களும் ஒருமுறை அப்படிப் போட்டுப் பார்த்தால், தேவையற்ற இடமாற்றங்கள் தாமாகவே உதிரும்.

எனது முதற் குறும்படத்தின் முக்கிய உரையாடலைப் பனங்கூடல் ஒன்றின் ஓரத்தில், ஆனி மாதத்தில் நடப்பதாக எழுதியிருந்தேன். படமும் ஆனியிலேயே எடுக்கப்பட்டது. சோளகம் எனும் தென்மேற்குக் காற்று அடித்த அடியில் ஓலைகள் எழுப்பிய இரைச்சலைத் தவிர ஒலிப்பதிவில் வேறெதுவும் இருக்கவில்லை; இரு நடிகர்களையும் பின்னர் ஓர் அறைக்குள் இருத்தி முழு வசனத்தையும் மீண்டும் பேசவைத்தோம், அது பேசியதாகவும் தெரியவில்லை. பிழை ஒலிப்பதிவாளருடையதன்று, எழுதியவனுடையது. இப்போது நான் வெளிப்புற உரையாடல் எழுதும்போது மாதத்தையும் குறித்துவிடுகிறேன். சோளகக் காலத்தில் திறந்தவெளியில் பாத்திரங்கள் பேசாமல் வேலை செய்யட்டும். ஐப்பசி, கார்த்திகையில் மழை உங்கள் ஒழுங்கைக் குலைக்கும். சித்திரையில் நண்பகற் சூரியன் நேர் உச்சியில் நின்று எல்லோரது கண்களையும் இரண்டு கரிய குழிகளாக்கும். மாரிமழை ஓய்ந்து தோட்டங்கள் பச்சையாக இருக்கும் தை, மாசி மாதங்களே பெரும்பாலும் கைகொடுக்கும்.

எட்டாம் படி: ஒத்திகை எனும் பழைய ஆயுதம்

திரைத்துறையில் பலருக்குக் கிடைக்காத வசதி நாடகக்காரரிடம் உண்டு: சம்பளம் கேட்காமல் மாலையில் வந்து பழகும் நண்பர் குழு. திரைக்கதையின் முதல் வரைவை அவர்களைக் கொண்டு இருந்து வாசிப்பியுங்கள். நீங்கள் நடப்பவற்றை மட்டும் வாசியுங்கள். பின்பு ஒரு காட்சியைக் கைத்தொலைபேசியில் எடுத்து, ஒலியை நிறுத்திவிட்டு, கதை தெரியாத ஒருவருக்குக் காட்டுங்கள். என்ன நடக்கிறதென்று அவர் பாதியாவது சொன்னால் அந்தக் காட்சி திரைக்கு வந்துவிட்டது. நடிகர்களிடம் குரலை மட்டுமன்றி உடலையும் குறைக்கச் சொல்லுங்கள். மண்டபத்துக்குப் பழகியவர்கள் கண்ணிமையைக்கூடக் கடைசி வரிசைக்கே அசைப்பார்கள்.

ஒன்பதாம் படி: உரிமையும் அனுமதியும்

இலங்கையின் 2003 ஆம் ஆண்டின் 36 ஆம் இலக்கப் புலமைச் சொத்துச் சட்டத்தின்படி, எழுத்தாளரின் உரிமை எழுதியதிலிருந்தே பாதுகாக்கப்படுகிறது. பதிவு செய்திருக்க வேண்டுமென்பதில்லை. அந்தப் பாதுகாப்பு ஆயுட்காலமும் அதன் பின் 70 ஆண்டுகளும் நீடிக்கும். ஆனால் நமது நாடகங்கள் பல, பட்டறைகளில் நடிகர்கள் கூடி உருவாக்கியவை. அப்படியான நாடகத்தைத் தழுவித் திரைக்கதை எழுதுமுன், குழுவினரோடு இருந்து, யாருடைய பங்கு எது, பெயர் எப்படி வரும், பணம் வந்தால் எப்படிப் பிரியும் என்பதை எழுத்தில் வைத்துக்கொள்ளுங்கள். உள்ளூரில் இதைக் கேட்பது மரியாதைக் குறைவு என்று நினைத்துப் பேசாமல் விட்ட நட்புகள் முறிந்ததைக் கண்டிருக்கிறேன்.

நாடகத்தைப் போலவே திரைப்படத்தின் பொதுக் காட்சியும் 1912 ஆம் ஆண்டின் பொது அரங்காற்றுகைக் கட்டளைச் சட்டத்தின் கீழ் வருகிறது. கோயில், பாடசாலை, புகையிரத நிலையம் ஆகிய இடங்களை எழுதும்போதே அவற்றுக்குரிய அனுமதிகளையும் பட்டியலிடுங்கள்.

பத்தாம் படி: முடிந்த பின்

2015 இல் தொடங்கிய யாழ்ப்பாண சர்வதேச திரைப்பட விழா, வெளியூருக்குப் போகாமலே உலகப் படங்களோடு நமது படத்தைப் பக்கத்தில் வைத்துப் பார்க்கும் வாய்ப்பைத் தந்தது. எங்கே அனுப்பினாலும் சிங்களத்திலும் ஆங்கிலத்திலும் உபதலைப்புத் தேவைப்படும். அதை வேறொருவரிடம் முழுவதுமாக ஒப்படைத்துவிடாமல், முதல் வரைவையாவது நீங்களே பக்கத்திலிருந்து செய்யுங்கள். திரையின் அடியில் இரண்டு வரிக்கு மேல் இடமில்லை. ‘நீர்’ ‘நீங்கள்’ ஆன இடத்தை ஆங்கிலத்தில் எப்படிக் காட்டுவதென்று தலையைச் சொறிய வேண்டியிருக்கும். சில வரிகளுக்கு உபதலைப்பே போடாமல் விட்டாலும் காட்சி விளங்குவதைக் காண்பீர்கள். அந்த வரிகளுக்கு நேரே பென்சிலால் ஒரு கோடு போட்டு வையுங்கள். படத்தொகுப்பாளர் இன்னும் கோப்பை மூடியிருக்க மாட்டார்.